ரெட் கார்டும் ஒரு கறுப்புத் துணியும்

கொருக்குப்பேட்டைன்னு சொன்னா வெளியூர் ஆளுங்க ரெண்டே ரெண்டு கேள்விதான் கேப்பாங்க. "ரயில்வே கேட் போட்டா எவ்ளோ நேரம் நிப்பீங்க?" இது முதல் கேள்வி. "மழை பெய்ஞ்சா வீட்டுக்குள்ள தண்ணி வருமா?" இது ரெண்டாவது. ஒண்ணுக்குப் பதில் சொல்ல ஆரம்பிச்சாலே பதிவு நீண்டு போயிடும். இது அதைப் பத்தி இல்ல மக்களே. இது ஃபுட்பால் பத்தி. ஆனா மழையிலதான் ஆரம்பிக்கணும்.

முன்னாடியே சொல்லிடறேன், நான் ஃபுட்பால் ஆடினவன் இல்ல. எங்க ஏரியாவுல, அந்தப் பக்கம் வியாசர்பாடி, இந்தப் பக்கம் காசிமேடு, ராயபுரம்னு எங்க பாத்தாலும் பசங்க பந்தை உதைச்சுக்கிட்டுதான் இருப்பாங்க. நான் கோல் போஸ்ட்டுக்குப் பின்னாடி உக்காந்து எல்லாரோட செருப்புக்கும் காவல் காத்தவன். அதுல மட்டும் நான் சீனியர் டிவிஷன்.

ஆடினவர் எங்க மாமா. அம்மாவோட தம்பி.

2022 நவம்பர் முதல் வாரம். மழை பிச்சு உதறின வாரம், வட சென்னைக்காரங்களுக்கு நல்லாவே ஞாபகம் இருக்கும். கால்வாய் ஓரம் இருக்கற மாமா வீட்டுல முழங்கால் அளவு தண்ணி. அவரும் அத்தையும் ரெண்டு பை, ஒரு மிக்ஸி, ரேஷன் கார்டு வெச்ச பிளாஸ்டிக் கவரோட எங்க மாடி வீட்டுக்கு வந்துட்டாங்க. மாமா அப்பதான் வேலையிலேர்ந்து ரிட்டயர் ஆகியிருந்தார். சும்மா உக்காரத் தெரியாத மனுஷன். ஜன்னல் வழியா தெருத் தண்ணி ஏறுதா இறங்குதான்னு பாக்கறதும், டிவி ரிமோட்டைத் தேடறதுமா இருந்தார்.

நவம்பர் 4, வெள்ளிக்கிழமை ராத்திரி. கொல்கத்தா சால்ட் லேக் ஸ்டேடியத்துல ஈஸ்ட் பெங்காலும் நம்ம சென்னையின் எஃப்.சி.யும் ஆடற மேட்ச். நல்லவேளையா கரன்ட் இருந்துச்சு. மாமா ஃபுட்பாலை சத்தம் போடாம பாக்கற ரகம். நான் பக்கத்துல மொபைலை நோண்டிக்கிட்டு இருந்தேன்.

69-வது நிமிஷம். சென்னைக்கு ஒரு கார்னர். பந்து உள்ள வருது, ஒரு உயரமான டிஃபெண்டர் எம்பித் தலையால மோதறார். கோல்! ஆடினவர் பேரு வஃபா ஹக்காமனெஷி, ஈரான்காரர். ஓடிக்கிட்டே ஜெர்சியைப் பிடிச்சு மேல இழுக்கறார்.

மாமா சட்டுனு எழுந்து நின்னுட்டார். "டேய்... வேணாம்டா... உனுக்கு ஏற்கெனவே ஒரு மஞ்சா கீதுடா" என்று டிவியைப் பாத்துக் கத்தினார். அவர் கத்தி நான் கேட்டதே இல்ல.

டிவிக்குள்ள இருக்கறவருக்கு அது கேக்கவா போவுது? ஜெர்சியைக் கழட்டிட்டார். 'பெண், வாழ்வு, விடுதலை' என்ற வாசகத்தை உலகத்துக்குக் காட்டினார். ரெஃப்ரி ரெண்டாவது மஞ்சள் அட்டையை எடுத்தார், கையோட சிவப்பையும் காட்டினார். கோல் போட்ட அதே நிமிஷத்துல ஆள் வெளியே. மீதி ஆட்டம் முழுக்க அவர் இல்லாமலே தாக்குப்பிடிச்சு 1-0ன்னு சென்னை ஜெயிச்சுது.

இதுல ரெஃப்ரியைக் குத்தம் சொல்ல ஒண்ணும் இல்ல. கோல் போட்ட சந்தோஷத்துல ஜெர்சியைக் கழட்டினா மஞ்சள் அட்டை. 2004-லேர்ந்து இது கட்டாய விதி. அந்த கோலே செல்லாதுன்னு ஆனாக்கூட மஞ்சள் செல்லும். உள்ளே போடற பனியன்ல அரசியல், மதம், சொந்த விஷயம் எதையும் எழுதக்கூடாதுன்னும் விதி இருக்கு. புதுசா ஆட வந்த பையனுக்குக்கூட இதெல்லாம் தெரியும். 31 வயசு ஸ்டாப்பர் பேக்குக்குத் தெரியாதா? தெரிஞ்சேதான் கழட்டினார்.

மேட்ச் முடிஞ்சதும் மாமா சாப்பிடல. பால்கனியில நின்னுக்கிட்டிருந்தார். போய்க் கேட்டேன்.

"இன்னா மாமா, நம்ம டீம்தான ஜெயிச்சுது?"

"அதுல இன்னாடா எழுதியிருந்துச்சு?"

மொபைல்ல படிச்சதைச் சொன்னேன். தலைமுக்காடு சரியா போடலைன்னு சொல்லி ஈரான்ல ஒழுக்கத்தைக் கண்காணிக்கற போலீஸ் ஒரு பொண்ணைப் பிடிச்சிட்டுப் போச்சு. மாசா அமினி, 22 வயசு. காவல்ல இருக்கும்போதே நினைவு தப்பி 2022 செப்டம்பர் 16-ஆம் தேதி செத்துப் போச்சு. அதுலேர்ந்து அந்த நாடு முழுக்கப் பொண்ணுங்க தெருவுல. அவங்க போடற கோஷம்தான் 'ஸன், ஸெந்தெகி, ஆஸாதி'. ஆஸாதின்னா நமக்கும் தெரியும், விடுதலை.

மாமா கேட்டுட்டு ரொம்ப நேரம் தண்ணியையே பாத்துக்கிட்டிருந்தார். அப்புறம், "அவுனுக்கு இருந்துச்சுடா" என்றார். எது இருந்துச்சுன்னு சொல்லல.

சரி, யார் இந்த வஃபா? கொஞ்சம் சொல்லிடறேன்.

உலகக் கோப்பையில ஆடற ஈரான் ஸ்டாருங்க பேர் நமக்குத் தெரியும். இவர் அந்த வரிசை கிடையாது. அந்த மாசமே கத்தார்ல தொடங்கின உலகக் கோப்பைக்குப் போன ஈரான் அணியில இவர் இல்ல. கிளப் கிளப்பா மாறி ஆடிட்டு, 31 வயசுல சென்னைக்கு வந்தவர். அப்ப ஐ.எஸ்.எல்.ல ஒரு டீம் ஆறு வெளிநாட்டுக்காரங்களை எடுக்கலாம், அதுல ஒருத்தர் ஆசியக்காரரா இருக்கணும்னு விதி. அந்த இடத்துலதான் இந்த மாதிரி ஆட்டக்காரங்க வருவாங்க. ஒரு சீசன் கான்ட்ராக்ட். நல்லா ஆடினா அடுத்த வருஷம் பேசுவாங்க, இல்லேன்னா பெட்டியைக் கட்டணும். இங்கிலீஷ்ல இவங்களை ஜர்னிமேன்னு சொல்றாங்க. எங்க பக்கம் இதோட சின்ன சைஸுக்கு 'கெஸ்ட் பிளேயர்'னு பேர். எந்த டீம் கூப்பிடுதோ அந்த டீம் ஜெர்சி.

அதுவும் ஸ்டாப்பர் பேக்! ஃபார்வேர்டுக்கு வாராவாரம் கோல் வரும், வாராவாரம் கேமரா வரும். ஸ்டாப்பருக்கு அப்படி இல்ல. அவன் தப்பு பண்ணினாதான் அவனைக் காட்டுவாங்க. மொத்த சீசன்ல அவன் மூஞ்சியை ஊரே பாக்கற நிமிஷம்னு ஒண்ணோ ரெண்டோதான் கிடைக்கும். வஃபா அந்த ஒரு நிமிஷத்தை எடுத்து வேற யாருக்கோ குடுத்துட்டார்.

இதைத்தான் மாமா 'இருந்துச்சு'ன்னு சொன்னார்னு அப்ப எனக்குப் புரியல.

அன்னைக்கு ராத்திரி மாமா மஜீத் பத்திப் பேச ஆரம்பிச்சார். (கொசுவத்தி சுருளை ஏத்திக்கோங்க. நிஜமாவே கொசுவத்தி எரிஞ்சுக்கிட்டுதான் இருந்துச்சு, மழைக்கால கொசு.)

"ஈரான்காரன்னா எங்களுக்கு மஜீத்துடா. 80-ல எனக்குப் பதினெட்டு வயசு."

மஜீத் பிஷ்கர், ஜம்ஷீத் நாசிரி. ரெண்டு பேரும் ஈரான்ல கோரம்ஷார் என்ற துறைமுக ஊர்க்காரங்க. மஜீத் 1978 உலகக் கோப்பைக்கு அர்ஜென்டினா போன ஈரான் அணியில இருந்தவர். அப்புறம் ரெண்டு பேரும் இந்தியாவுக்கு வந்தாங்க. ஃபுட்பால் ஆட இல்ல, அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்துல படிக்க! அங்க காலேஜ் டீம்ல ஆடினதைப் பாத்து 1980-ல ஈஸ்ட் பெங்கால் அவங்களைக் கொத்திட்டுப் போச்சு. அந்த வருஷம் அந்த கிளப்லேர்ந்து பெரிய ஆளுங்க பல பேர் கிளம்பிட்டாங்க, அதான் அப்படித் தேடியிருக்காங்க. மஜீத் ஆடின ஆட்டத்துக்குக் கொல்கத்தாவே அவரை 'பாதுஷா'ன்னு கூப்பிட்டுச்சு. ரெண்டு வருஷத்துல ரெண்டு பேரும் முகமதன் ஸ்போர்ட்டிங்குக்குப் போனாங்க.

இதுல ஒரு விஷயம், நானே அப்புறமா தேடிப் படிச்சது. 1980 செப்டம்பர்ல ஈரான்-ஈராக் சண்டை ஆரம்பிச்சுது. அக்டோபர்ல கோரம்ஷாரை ஈராக் பிடிச்சுது. 1982 மே மாசம் ஈரான் திரும்பப் பிடிக்கறப்போ ஊரே இடிஞ்சு கிடந்துச்சு. அதாவது இவங்க கொல்கத்தா மைதானத்துல கைதட்டு வாங்கின அதே நாட்கள்ல, இவங்க பொறந்த துறைமுகம் குண்டு வாங்கிக்கிட்டிருந்துச்சு. மஜீத் பின்னாடி ஊருக்குத் திரும்பிட்டார். ஈஸ்ட் பெங்கால் நூற்றாண்டு விழாவுக்கு 2019 ஆகஸ்ட்லதான் மறுபடி கொல்கத்தா வந்தார். ஜம்ஷீத் திரும்பவே இல்ல. கொல்கத்தாவிலேயே கல்யாணம், குடும்பம்.

"நாங்க மஜீத்தை நேர்ல பாத்தது கிடையாது. பேப்பர்ல ஒரு போட்டோ. அதைக் கிழிச்சு பூட்ஸ் பைக்குள்ள வெச்சிருந்தேன். பூட்ஸே ரெண்டு பேருக்கு ஒரு ஜோடிதான், அது வேற கதை" என்று சிரிச்சார் மாமா.

மாமாவும் அவர் சிநேகிதரும் அந்த ஒரு ஜோடி பூட்ஸை மாத்தி மாத்திப் போட்டுக்கிட்டவங்க. சிநேகிதர் ரைட் விங்க், மாமா ஸ்டாப்பர். காலையில ஹார்பர்ல கான்ட்ராக்ட் மூட்டை வேலை, சாயந்திரம் ஆட்டம். சென்னை லீக்ல சீனியர் டிவிஷனுக்குக் கீழ படிப் படியா இருக்கற டிவிஷன்கள்ல, எந்த டீம்ல ஆள் குறையுதோ அங்க. லீக் இல்லாத மாசத்துல நாக்-அவுட் டோர்னமென்ட். எண்ணூர், அரக்கோணம், ஜோலார்பேட்டை, கோலார் தங்கவயல், நெய்வேலின்னு ரயில் ஏறிப் போவாங்களாம். மேட்ச்சுக்கு பதினஞ்சு இருபது ரூபா, ஜெயிச்சா பிரியாணி, தோத்தா தயிர்சாதம். ஒரே சீசன்ல ஏழு ஜெர்சி போட்டிருக்கேன்னு சொன்னார். ஏழுலயும் நம்பர் அஞ்சுதான். மாமா வீட்டுல ஒரு கப், ஒரு மெடல் கிடையாது. அதெல்லாம் டீம் நடத்தறவர் வீட்டுக்குப் போயிடும்.

இதெல்லாம் எதுக்கு? அந்தக் காலத்துப் பசங்களுக்கு ஒரே கனவுதான். ஆபீஸ் டீம். ரயில்வே, பேங்க், கஸ்டம்ஸ், மின்வாரியம்னு எதுலயாவது ஸ்போர்ட்ஸ் கோட்டாவுல உள்ள போயிட்டா சாகற வரைக்கும் கஞ்சிக்குக் கவலை இல்ல. வட சென்னையில எத்தனையோ குடும்பம் ஒரு முட்டிக்கால் மேலதான் நின்னுச்சுன்னு மாமா சொல்வார். முட்டி நல்லா இருந்தா குடும்பம் நிக்கும்.

1985-ல ஒரு ஆபீஸ் டீம் (பேர் வேணாம்) மாமாவையும் சிநேகிதரையும் கூப்பிட்டுச்சு. முதல்ல டெம்பரரி. தினக்கூலி, ஆட்டம் நல்லா இருந்தா பர்மனென்ட். நாலாவது மேட்ச்ல சிநேகிதருக்கு முட்டி திரும்பிடுச்சு. டீமுக்காக ஆடறப்போ பட்ட அடி. டாக்டர் செலவு பத்திக் கேட்டதுக்கு மேனேஜர், "டெம்பரரி ஆளுக்கெல்லாம் ஆபீஸ்ல பணம் கிடையாது" என்றாராம். அடுத்த வாரம் லிஸ்ட்ல சிநேகிதர் பேரே இல்ல.

டெம்பரரியா இருந்த அஞ்சு பேரும் பேசி வெச்சாங்க. அடுத்த மேட்ச்ல பெரிய அதிகாரிங்க வர்றாங்க, பந்தல் போட்டு உக்காருவாங்க. எல்லாரும் கையில கறுப்புத் துணி கட்டிக்கிட்டு இறங்கலாம். ஏன்னு கேப்பாங்க இல்ல, அப்ப சொல்லலாம். துணியைக் கிழிச்சு அஞ்சா பங்கு போட்டது மாமாதான், பழைய குடைத் துணி. சிநேகிதரும் நொண்டிக்கிட்டே வந்து டச் லைன் பக்கத்துல உக்காந்திருந்தார்.

மேட்ச்சுக்கு முன்னாடி மேனேஜர் மாமாவைத் தனியா கூப்பிட்டார். "ஆர்டர் டைப் ஆயிட்டிருக்கு. ரெண்டு பேருக்குத்தான். ஒழுங்கா ஆடு." அவ்வளவுதான் சொன்னது.

கிரவுண்டுக்குள்ள போறப்போ யாரு கையிலயும் துணி இல்ல. ஒருத்தரை ஒருத்தர் பாத்துக்கவும் இல்ல. மாமா மட்டும் துணியை மடிச்சு ஸாக்ஸுக்குள்ள வெச்சிருந்தார்.

"செகண்ட் ஆஃப்ல ஒரு கார்னர்டா. நான் மேல போனேன். தலையில பட்டுச்சு. உள்ள. என் வாழ்க்கையில நான் போட்ட கோலு கைவிரல்ல எண்ணிடலாம், அதுல அது ஒண்ணு. நேரா பந்தல் பக்கம் ஓடறேன். எல்லா ஆபீஸரும் எழுந்து நின்னு கைதட்டறான். குனிஞ்சு ஸாக்ஸுல கை வெச்சேன்..."

நிறுத்திட்டார்.

"ஸாக்ஸை மேல இழுத்து விட்டுக்கினு திரும்பி ஓடியாந்துட்டேன்."

அவருக்கு ஆர்டர் வந்துச்சு. 36 வருஷம் வேலை. நடுவுல எங்க அப்பா வேலை பாத்த மில்லு மூடினப்போ எங்க வீட்டுக்கு அரிசி வந்தது அந்தச் சம்பளத்துலதான். என் ஸ்கூல் ஃபீஸ், தங்கச்சி கல்யாணத்துக்கு அட்வான்ஸ், எல்லாமே. அன்னைக்கு அந்தத் துணி வெளிய வந்திருந்தா, இன்னைக்கு நான் இங்க உக்காந்து டைப் அடிச்சிட்டிருப்பேனான்னு தெரியாது. அதனால மாமா செஞ்சது தப்புன்னு சொல்ல எனக்கு மட்டும் சத்தியமா யோக்யதை கிடையாது. சொல்லவும் மாட்டேன்.

ஆனா அவர் என்கிட்ட ஆறுதல் கேக்கல. "அந்த ஈரான்காரனுக்கும் குடும்பம் கீது, கான்ட்ராக்ட் கீது, ஊருக்குத் திரும்பிப் போணும்" என்றார். "எல்லாம் தெரிஞ்சுதான் கழட்டினான்."

ஊருக்குத் திரும்பறதுன்னா சும்மா இல்ல. வஃபா ஜெர்சி கழட்டி ரெண்டு வாரத்துக்கப்புறம், நவம்பர் 21-ஆம் தேதி, இங்கிலாந்தோட ஆடறதுக்கு முன்னாடி ஈரான் அணி தேசிய கீதம் பாடாம வாயை மூடிக்கிட்டு நின்னதை நீங்க பாத்திருப்பீங்க. அதே வாரம் முன்னாள் தேசிய அணி டிஃபெண்டர் வோரியா கஃபூரியைக் கைது பண்ணினாங்க. அமீர் நஸ்ர்-ஆஸாதானின்னு இன்னொருத்தர். பெரிய பேர் இல்லாத, ராஹ் அஹன், டிராக்டர்னு சில கிளப்ல ஆடின 26 வயசுப் பையன். இஸ்ஃபஹான் போராட்டத்துல பாதுகாப்புப் படைக்காரங்க மூணு பேர் கொல்லப்பட்ட வழக்குல அவரைச் சேத்தாங்க. தூக்கு கிடைக்குமோன்னு உலக ஆட்டக்காரர் சங்கமே பதறிச்சு. கடைசியில 2023 ஜனவரியில 26 வருஷ ஜெயில் தண்டனை. நாட்டுக்காக ஆடாதவன் போராடினா ஊருக்கே தெரியாது, ஆனா தண்டனை மட்டும் குறையாது.

தண்ணி வடிஞ்ச மறுநாள் காலையில மாமா, "வாடா டீ சாப்ட்டு வரலாம்" என்றார். கேட் பக்கம் ஒரு டீக்கடை. அது அந்தச் சிநேகிதர் கடை. நான் சின்ன வயசுலேர்ந்து அங்க பன் பட்டர் ஜாம் தின்னு வளந்தவன். அவர் நொண்டறதை தினம் பாத்திருக்கேன். ஏன்னு ஒரு நாளும் கேட்டதில்ல. மாமா முப்பத்தஞ்சு வருஷமா அங்கதான் டீ குடிக்கறார். காசு எப்பவும் கூடவே வெச்சிட்டு வருவார், அவர் மீதியை எண்ணித் திருப்பிக் குடுத்துடுவார். அது ஏன்னும் கேட்டதில்ல.

கேட் போட்டிருந்துச்சு. கூட்ஸ் வண்டி போய்க்கிட்டே இருந்துச்சு. மாமா டீயைக் கையில வெச்சுக்கிட்டு, "வெள்ளிக்கிழமை மேட்ச் பாத்தியா?" என்றார்.

"பாத்தேன்."

"அன்னைக்கு நான் ஸாக்ஸுல..."

"தெரியும். நான் டச் லைன்லதான உக்காந்திருந்தேன்" என்றார் அவர், கிளாஸைக் கழுவிக்கிட்டே. "நீ எடுத்திருந்தா உன்னியும் வூட்டுக்கு அனுப்பிச்சிருப்பான். என் முட்டி சரியாப் போயிருக்குமா? போயிருக்காது."

மாமா தலையை ஆட்டினார்.

கொஞ்ச நேரம் கழிச்சு அவரே சொன்னார். "ஆனா எவனாச்சும் ஒருத்தன் எடுத்திருந்தா நல்லா இருந்திருக்கும்டா. அஞ்சு பேர்ல ஒருத்தன்."

கூட்ஸ் வண்டி முடிஞ்சு கேட் தூக்கினாங்க. எல்லாரும் ஹாரன் அடிச்சாங்க. மாமா டீயைக் குடிச்சு முடிச்சார். அன்னைக்கு சரியான காசு குடுத்தார், கூட வைக்கல.

வஃபாவுக்கு அந்த சீசனோட சென்னை முடிஞ்சுது. டீம் எட்டாவது இடம், அடுத்த சீசன் லிஸ்ட்ல அவர் இல்ல. கெஸ்ட் பிளேயர் கதை அப்படித்தான். ஆனா ஈரான் கதை சென்னையோட முடியல. கொல்கத்தாவிலேயே தங்கிட்ட ஜம்ஷீத் நாசிரிக்கு ஒரு பையன், கியான். 2022 ஜனவரி 29-ஆம் தேதி ஈஸ்ட் பெங்காலுக்கு எதிரா மோகன் பகானுக்காக மாத்து ஆட்டக்காரரா இறங்கி மூணு கோல் போட்டவர். அப்பா பேர் வாங்கின கிளப்புக்கு எதிராவே! அந்தப் பையன் 2024-ல சென்னையின் எஃப்.சி.க்கு வந்தார். நம்ம சென்னைப் பையன் நந்தகுமார் சேகர் அதுக்கு முன்னாடியே ஈஸ்ட் பெங்காலுக்குப் போய், 2023 ஆகஸ்ட்ல டூரண்ட் கோப்பையில மோகன் பகானுக்கு எதிரா கோல் போட்டுக் கொல்கத்தாவைக் கலக்கிட்டார். பந்து மாதிரியேதான் ஆளுங்களும், எங்கேர்ந்து எங்க போவாங்கன்னு சொல்ல முடியாது.

அந்த சீசன்ல ஒரு ஞாயித்துக்கிழமை தண்டையார்பேட்டையில மெட்ரோ ஏறி, சென்ட்ரல்ல இறங்கி, நேரு ஸ்டேடியத்துக்கு மூணு பேரும் போனோம். மாமா, டீக்கடைக்காரர், நான். படிக்கட்டு ஏறறப்போ மாமா சிநேகிதரோட கையைப் பிடிச்சுக்கிட்டார். கியான் கொஞ்ச நேரம்தான் ஆடினார். "நடையைப் பாரு, காலு யாரு சொத்துன்னு தெரியுது" என்றார் மாமா. மஜீத், ஜம்ஷீத் ரெண்டு பேரையும் நேர்ல பாத்ததே இல்லாத மனுஷன் சொல்றதைப் பாருங்க!

சிநேகிதர் கியானைப் பாக்கல. வேலிக்கு அந்தப் பக்கம் தரையில உக்காந்து ஒரு சப்ஸ்டிடியூட் பையன் முட்டியில ஐஸ் பை கட்டிக்கிட்டிருந்தான், ரெண்டு பேர் குனிஞ்சு பாத்துக்கிட்டிருந்தாங்க. அதையே பாத்துக்கிட்டிருந்தார். "இப்பல்லாம் பாக்கறாங்கல்ல" என்று ஒரு தடவை சொன்னார். வேற ஒண்ணும் சொல்லல.

டிஸ்கி 1: மாமாவுக்கு இந்தப் பதிவைப் படிச்சுக் காட்டிட்டுதான் போடறேன். பேர் போடாதே, ஆபீஸ் பேரும் போடாதே, மத்ததெல்லாம் போடுன்னார். சிநேகிதர்கிட்டயும் கேட்டாச்சு. "டீ நல்லா இருக்கும்னு ஒரு வரி சேத்துக்கோ" என்றார். டீ நல்லா இருக்கும்.

டிஸ்கி 2: உங்க வீட்டுலயும் நம்பர் அஞ்சு ஜெர்சி போட்ட ஒரு மாமாவோ சித்தப்பாவோ இருப்பார். கப்பு, மெடல் தேடாதீங்க, இருக்காது. உக்காந்து கேளுங்க. ஸாக்ஸுக்குள்ள ஏதாவது இருக்கும்.